தவறணைக்கும் முகப்பருவுக்கும் என்ன சம்பந்தம்?

மஸ்கெலியாப் பக்கம் ஒரு பையனுக்கு மூக்கைச் சுத்தி நாலு பரு வந்தால் முதலில் வருகிற கேள்வி, "என்னடா, தண்ணி கிண்ணி போடுறியா?" என்பதுதான். அதே பரு ஒரு பொம்பளப் புள்ளைக்கு வந்தால் கேள்வி மாறிவிடும். "யார நெனச்சிக்கிட்டு இருக்க?" என்பார்கள், இல்லாவிட்டால் கல்யாணம் ஆனால் சரியாகிவிடும் என்பார்கள். இரண்டும் மருத்துவம் இல்லை. முகத்தை வைத்து ஒழுக்கத்தைக் கணக்குப் போடுகிற பழக்கம்.

குடித்தால் பரு வருமா என்ற கேள்வியை எங்களுக்குள் பேசத் தொடங்கியபோது அரைப் பக்கத்தில் முடிந்துவிடும் என்றுதான் நினைத்தோம். தேடத் தேட அது தோல் வைத்தியத்தை விட்டு விலகி சாராயக் குத்தகை, சம்பள நாள், அரிசிக் கணக்கு என்று போய்விட்டது. கடைசியில் இது ஒரு வரலாற்றுக் கட்டுரையாகிவிட்டது.

முதலில் அரைப் பக்க விஷயத்தை முடித்துவிடுவோம். பரு என்பது தோலில் மயிர் முளைக்கிற சின்னக் குழிகளில் நடக்கிற சங்கதி. வயதுக்கு வரும் காலத்தில் ஆன்ட்ரஜன் என்கிற ஹோர்மோன்கள் கூடும். அதனால் தோலின் எண்ணெய்ச் சுரப்பிகள் அதிகமாக வேலை செய்யும். செத்த செல்கள் சேர்ந்து குழியின் வாயை அடைக்கும். உள்ளே சாதாரணமாக எல்லார் தோலிலும் வாழ்கிற ஒரு பக்டீரியா பெருகும், வீக்கம் வரும். இதில் மதுவுக்கு நேரடியான இடம் எதுவும் இல்லை. மது குடித்தால் சாதாரண முகப்பரு வரும் என்று இதுவரை உறுதியாக நிறுவப்படவில்லை. ஆனால் சுற்றுவழிகள் உண்டு. சாராயத்தில் ஊற்றுகிற இனிப்புச் சோடாவின் சீனி, கெட்டுப்போகிற தூக்கம், உடம்பு நீரை இழப்பது எல்லாம் தோலுக்கு நல்லதல்ல. இரத்தச் சீனியைச் சட்டென்று ஏற்றுகிற சாப்பாட்டுக்கும் பருவுக்கும் தொடர்பு இருப்பதற்கு மதுவை விடக் கூடுதல் ஆதாரம் இருக்கிறது. அப்படிப் பார்த்தால் ஒரு தோட்டத்துப் பையனின் முகத்தைப் பார்த்து முதலில் விசாரிக்க வேண்டியது கோதம்பமா ரொட்டியையும் நாலு கரண்டி சீனி போட்ட பிளேன்டீயையும்தான். ரொட்டியை யாரும் சந்தேகப்படுவதில்லை.

அப்படியென்றால் பருவைப் பார்த்தவுடன் குடியை நினைக்கிற புத்தி எங்கிருந்து வந்தது?

இதன் ஒரு வேர் ஐரோப்பாவில் இருக்கிறது. ரொசேசியா என்று ஒரு தோல் நோய் உண்டு. கன்னமும் மூக்கும் சிவந்து, மெல்லிய இரத்த நாளங்கள் தெரிந்து, பரு மாதிரியே கட்டிகள் வரும். முற்றினால் மூக்கு தடித்துப் புடைத்துவிடும். பாரிஸ் லூவர் அருங்காட்சியகத்தில் கிர்லாண்டாயோ என்ற இத்தாலிய ஓவியர் 1490 அளவில் வரைந்த ஒரு படம் இருக்கிறது. தாத்தாவும் பேரனும் ஒருவரை ஒருவர் பார்க்கிற படம். தாத்தாவின் மூக்கு அப்படித்தான் முடிச்சு முடிச்சாக இருக்கும். அந்தப் பேரன் அந்த மூக்கை எந்த வெறுப்பும் இல்லாமல் பார்ப்பான். ஆனால் பின்னால் வந்த நூற்றாண்டுகள் அந்தப் பேரனைப் போலப் பார்க்கவில்லை. சிவந்த மூக்கு என்றால் குடிகாரன் என்று ஆகிவிட்டது. 18ஆம் நூற்றாண்டின் கடைசியில் அமெரிக்க மருத்துவர் பெஞ்சமின் ரஷ், சாராய வகைகள் உடம்பைக் கெடுப்பது பற்றி எழுதிய பிரசுரத்தில், மூக்கில் தொடங்கி முகமெல்லாம் பரவுகிற கட்டிகளுக்கு மக்கள் வைத்திருந்த பெயரையும் குறித்து வைத்தார். தமிழில் சொன்னால் 'ரம் மொட்டு'. பெயர் அழகாகத்தான் இருக்கிறது, தீர்ப்பு அப்படி இல்லை. லண்டனில் தோமஸ் பேட்மன் 1813இல் வெளியிட்ட தோல்நோய் நூலில் ரொசேசியாவைப் பருவின் ஒரு வகையாகவே வைத்தார். இன்று இரண்டும் வேறு வேறு நோய் என்று தெரியும். ஆனால் குடி, சிவந்த மூக்கு, பரு என்ற மூன்றும் ஒரே கயிற்றில் கட்டப்பட்டது அந்தக் காலத்தில்தான்.

கயிறு முழுக்கப் பொய்யும் இல்லை. மது உள்ளே போனால் தோலின் இரத்த நாளங்கள் விரியும், முகம் சூடாகும். 2017இல் வெளியான ஓர் ஆய்வு, அமெரிக்காவில் 82,737 பெண்களை 14 ஆண்டுகள் தொடர்ந்து பார்த்தது. குடிக்கிறவர்களுக்கு ரொசேசியா வருகிற வாய்ப்பு கூடுதலாக இருந்தது. வெள்ளை வைனும் கடும் மதுவும் முக்கியமாக மாட்டிக்கொண்டன. அதே நேரம் வாழ்நாளில் ஒரு சொட்டுக்கூடக் குடிக்காதவர்களுக்கும் ரொசேசியா வருகிறது. மூக்கைப் பார்த்துத் தீர்ப்பு எழுத முடியாது.

இந்தச் சிவப்பைப் பற்றி ஒரு கிளைக்கதை. 1937இல் அமெரிக்காவில் ஒரு ரப்பர் தொழிற்சாலையின் வைத்தியர் வினோதமான ஒன்றைக் கவனித்தார். ஒரு குறிப்பிட்ட இரசாயனத்தோடு வேலை செய்கிற தொழிலாளர்கள் வெளியே போய்க் கொஞ்சம் குடித்தாலும் முகம் செக்கச் செவேலென்று ஆகி, நெஞ்சு படபடத்து, குடிக்க முடியாமல் போனது. அதே குடும்பத்து இரசாயனம் ஒன்றை டென்மார்க் ஆய்வாளர்கள் இருவர் வயிற்றுப்புழுவுக்கு மருந்தாகுமா என்று தாங்களே விழுங்கிப் பார்த்தார்கள். பிறகு குடித்தபோது அவர்களுக்கும் அதே கதி. 1948இல் அதைக் குடி நிறுத்துகிற மருந்தாக வெளியிட்டார்கள். டைசல்பிராம் என்ற அந்த மருந்து இன்றும் கொடுக்கப்படுகிறது. தொழிலாளியின் முகத்தைப் பார்த்தவுடன் திட்டாமல், ஏன் சிவக்கிறது என்று ஒரு வைத்தியர் கேட்டதால் கிடைத்தது அது. எங்க மலையில் அப்படிக் கேட்டவர்கள் குறைவு.

சாராயம் இந்த மலைக்கு எப்படி ஏறியது என்று பார்ப்போம். மஸ்கெலியா கடல் மட்டத்திலிருந்து ஆயிரம் மீற்றருக்கு மேலே இருக்கிறது. இங்கே தென்னை இல்லை, பனை இல்லை. தென்னங்கள்ளைக் காய்ச்சி எடுக்கிற சாராயம் கீழே மேற்குக் கரையோரத்தில் உற்பத்தியானது. அது மேலே வந்ததற்குக் காரணம் இங்கே குடிக்கப் பழக்கப்பட்ட சனம் இருந்தது என்பது மட்டுமல்ல. அதை விற்க அரசாங்கம் ஒரு முறையையே வைத்திருந்தது. ஒரு பகுதியில் சாராயம் விற்கிற உரிமையை ஏலம் போடுவார்கள். யார் அதிகம் கேட்கிறாரோ அவருக்குக் குத்தகை. டச்சுக்காரர்கள் வைத்திருந்த முறையை ஆங்கிலேயர் அப்படியே எடுத்துக்கொண்டார்கள். குத்தகைப் பணம் அரசாங்கத்துக்குப் பெரிய வருமானம். குத்தகைக்காரருக்கோ போட்ட பணத்தை எடுக்க வேண்டும், எனவே குடிக்கிறவர் கூட வேண்டும்.

1830களுக்குப் பிறகு கண்டிப் பக்கம் கோப்பித் தோட்டங்கள் பெருகின. தமிழ்நாட்டிலிருந்து ஆயிரக்கணக்கில் எங்க மூத்தவர்கள் நடந்து வந்தார்கள். சாராயக் குத்தகைக்காரருக்கு இதைவிட நல்ல சந்தை கிடைக்குமா? ஊரையும் உறவையும் விட்டு வந்த சனம், மழை, குளிர், அட்டைக்கடி, கையில் எப்போதாவது வருகிற காசு. வரலாற்றாசிரியர் குமாரி ஜயவர்தன 2000இல் எழுதிய நூல் இலங்கையின் உள்நாட்டு முதலாளி வர்க்கம் எப்படி உருவானது என்று ஆராய்கிறது. அவர் காட்டுகிற முக்கியமான ஊற்று இந்தச் சாராயக் குத்தகைதான். மொறட்டுவையைச் சேர்ந்த ஜெரோனிஸ் டி சொய்சா வியாபாரத்திலும் சாராயக் குத்தகையிலும் பணம் சேர்த்து, 1830களில் ஹங்குராங்கெத்தயில் பழைய அரச தோட்டத்தை வாங்கிக் கோப்பி போட்டார். சாராயக் காசு தோட்டமானது, தோட்டக் கூலி மறுபடி சாராயக் காசானது. கொழும்பில் நாம் வாய் பிளந்து பார்க்கிற சில பழைய மாளிகைகளின் அத்திவாரத்தில் எங்க தாத்தாவின் தாத்தா குடித்த காசும் கிடக்கிறது என்று சொன்னால் அது மிகை இல்லை.

கோப்பியைத் துரு நோய் தின்றது, தேயிலை வந்தது, 1884இல் ஹட்டன் வரை ரயில் வந்தது. ரயில் தேயிலைப் பெட்டியை இறக்கியது போலவே மற்றதையும் ஏற்றியது. அந்தக் கடைக்கு எங்க பேச்சில் 'தவறணை' என்று பெயர். வெளியிலிருந்து வந்த சொல்தான், ஆனால் 'தவறு' என்பது உள்ளே உட்கார்ந்திருப்பதால் தமிழில் பிறந்த சொல் மாதிரியே ஒலிக்கிறது. துரைமார் கிளப்பில் ஸ்கொட்ச் குடித்தார்கள். அவர்கள் முகம் சிவந்தால் வெயில் என்றார்கள். தொழிலாளி பெரட்டுக்கு முகம் வீங்கி வந்தால் குடி என்றார்கள்.

அந்த வீக்கத்துக்கும் வெளிறிய முகத்துக்கும் இன்னொரு பெரிய காரணம் இருந்தது. கொக்கிப்புழு. வெறுங்காலோடு நடக்கும்போது பாதத் தோலைத் துளைத்து உள்ளே போகும். போகிற இடத்தில் அரிப்பு. பிறகு குடலில் ஒட்டிக்கொண்டு இரத்தத்தை உறிஞ்சும். ஆள் வெளுத்து, முகம் ஊதி, மூச்சு வாங்கி, வேலை செய்ய முடியாமல் போவார். அமெரிக்காவின் தென் மாநிலங்களில் இதே நோயால் சோர்ந்தவர்களைச் சோம்பேறிகள் என்று சொல்லிவந்ததால், புழுவுக்குப் பத்திரிகைகள் 'சோம்பேறிக் கிருமி' என்றே பெயர் வைத்தன. ராக்பெல்லர் அறக்கட்டளையினர் 1916இல் இலங்கைத் தோட்டங்களில் கொக்கிப்புழு ஒழிப்பைத் தொடங்கினார்கள். மருந்து கொடுத்தார்கள், கக்கூஸ் கட்டச் சொன்னார்கள். மருந்துக்குக் காட்டிய ஆர்வத்தைக் கக்கூசுக்குத் தோட்டங்கள் காட்டவில்லை. கக்கூசுக்குக் காசு வேண்டுமே. கக்கூஸ் இல்லாத லயத்தில் மருந்து குடித்தவன் காலில் மறுபடி புழு ஏறும். வெளுத்த முகம் திரும்பி வரும், "குடிச்சிட்டு வந்திருக்கான்" என்ற பேச்சும் கூடவே வரும்.

இந்தக் கட்டுரையில் எங்களுக்கு மிக முக்கியமாகப் படுவது அடுத்து வருகிற கணக்கு. தோட்டத்தில் சம்பளத்தின் ஒரு பகுதி அரிசியாக வந்தது. கொடுத்த அரிசிக்கு விலை போட்டு சம்பளத்தில் கழித்துக்கொள்வார்கள். 1927இன் குறைந்தபட்சச் சம்பளச் சட்டம் வந்தபோதும் அரிசிக் கொடுப்பனவு அந்தக் கணக்கின் பகுதியாகவே இருந்தது. அரிசி வீட்டுக்கு வந்துவிடும், அதைத் தவறணையில் ஊற்ற முடியாது. கையில் காசாக வருவதுதான் ஊற்றக்கூடியது. இப்போது யோசித்துப் பாருங்கள், அந்தக் காசில் வாங்க வேண்டியது என்ன? பருப்பு, கருவாடு, காய்கறி, எப்போதாவது முட்டை, புள்ளைக்குக் கொஞ்சம் பால். அரிசி வயிற்றை நிரப்பும். இரும்புச்சத்தும் புரதமும் பி வகை விற்றமின்களும் விற்றமின் ஏயும் அந்தக் காசில்தான் இருந்தன. தோல் தன்னைத் தானே புதுப்பித்துக்கொள்ளத் தேவையானது அவ்வளவும் அதுதான். இரண்டாவது பி விற்றமின் குறைந்தால் கடைவாய் வெடிக்கும். விற்றமின் ஏ குறைந்தால் தோல் சொரசொரவென்று தவளைத் தோல் போலாகும். இரும்பு குறைந்தால் வெளுக்கும். புரதம் குறைந்தால் புண் ஆற நாளாகும், முடி நிறம் மங்கும்.

அப்படியானால் சம்பள நாளில் தவறணையில் ஊற்றிய காசு யாருடைய தோலில் தெரியும்? குடித்தவன் தோலில் தெரிய வருடக்கணக்காகும். குடிக்காத புள்ளைகளின் கடைவாயில் சில வாரங்களில் தெரியும். அதிலும் பெண்களின் சம்பளம் ஆணை விடக் குறைவாகவே இருந்தது, சமமானது 1984இல்தான். பல தோட்டங்களில் மனைவியின் சம்பளத்தையும் கணவனே போய் வாங்குகிற வழக்கம் நெடுங்காலம் நடந்தது. கொழுந்து பறித்தது ஒரு கை, காசு வாங்கியது இன்னொரு கை, போன இடம் வேறு.

இதைச் சொல்லும்போது எச்சரிக்கையாக இருக்க வேண்டும். இதே பேச்சைத் தோட்ட முதலாளிகளும் பேசினார்கள், வேறு நோக்கத்தோடு. சம்பளம் கூட்டினால் கூடக் குடிப்பான், ஆகவே கூட்டத் தேவையில்லை என்று. இந்த வாதத்தை இன்றும் பஸ்ஸில் கேட்கலாம். முழுச் சம்பளமும் வீட்டுக்கு வந்திருந்தாலும் அது போதுமான சம்பளமா? இல்லை. 2016ஆம் ஆண்டு நாடளாவிய குடித்தொகை, சுகாதார ஆய்வின்படி ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளில் வயதுக்கேற்ற உயரம் இல்லாதவர்கள் நாடு முழுக்க 17.3 வீதம், தோட்டப்புறத்தில் 31.7 வீதம். இந்த இடைவெளி முழுக்கத் தவறணையில் இருந்து வந்ததில்லை. குடிக்காத வீடுகளிலும் குள்ளமான புள்ளைகள் இருக்கிறார்கள். குடி, போதாத காசை இன்னும் போதாமல் ஆக்கியது. அவ்வளவுதான், ஆனால் அது பெரிய அவ்வளவுதான்.

மதுவிலக்கு இயக்கங்களும் இங்கே நடந்தன. 1904இலும் 1912இலும் எழுந்த அலைகள் சிங்களக் கிராமங்களில் பெரிய அரசியலாகின. 1912 கலால் சட்டத்தின்படி கள்ளுக்கடைகள் பெருகியதை எதிர்த்துத்தான் பின்னாளைய தேசியத் தலைவர்கள் பலர் மேடை ஏறப் பழகினார்கள். தோட்டத்துத் தமிழருக்கு அந்த மேடையில் இடம் இருந்ததாகத் தெரியவில்லை. 1927 நவம்பரில் காந்தி கதர் நிதிக்காக இலங்கை வந்தபோது மலையகத்துக்கும் வந்தார், தொழிலாளர்களிடம் குடியை விடச் சொன்னார். காந்தி படம் மாட்டாத லயம் குறைவு. அந்தப் படத்துக்குக் கீழேயே போத்தலும் இருந்தது என்பது எல்லாருக்கும் தெரிந்த கதை. 2006இன் 27ஆம் இலக்கச் சட்டம் 21 வயதுக்குக் கீழே உள்ளவருக்கு மது விற்பதைத் தடுத்தது, விளம்பரத்தையும் தடை செய்தது. 2018 ஜனவரியில் பெண்கள் மது வாங்குவதற்கு இருந்த தடையை நிதியமைச்சர் நீக்கினார், சில நாட்களிலேயே ஜனாதிபதி அதைத் திரும்பக் கொண்டுவந்தார். அந்த வாரம் முழுக்க நாட்டில் பெண்களின் ஒழுக்கம் பற்றியே பேச்சு. ஆணின் சம்பள நாள் பற்றி யாரும் பேசவில்லை.

கசிப்பைச் சொல்லாமல் விட்டால் எங்க ஊர்க்காரர் சிரிப்பார்கள். 2020 ஊரடங்கில் மதுக்கடைகள் பூட்டியவுடன் கோடா பரல்கள் பிடிபட்ட செய்திகள் வரிசையாக வந்தன. என்ன கலந்தது என்று காய்ச்சினவனுக்கே தெரியாத சரக்கு அது. தோலைப் பற்றிக் கவலைப்படுகிற கட்டத்தைத் தாண்டிய விஷயம்.

நீண்ட காலம் அதிகம் குடித்தால் தோலில் தெரிகிற அடையாளங்கள் உண்மையிலேயே உண்டு. அவை பரு அல்ல. ஈரல் கெட்டால் கண்ணும் தோலும் மஞ்சளாகும், உடம்பெல்லாம் அரிக்கும், நெஞ்சிலும் தோளிலும் சிலந்தி மாதிரி சின்ன இரத்த நாளங்கள் விரியும், உள்ளங்கை சிவக்கும். சொரியாசிஸ் உள்ளவருக்குக் குடி அதை மோசமாக்கும். ஆனால் பாடப் புத்தகப் படங்களில் இதெல்லாம் பெரும்பாலும் வெள்ளைத் தோலில்தான் காட்டப்படுகிறது. எங்க தோலில் சிவப்பு சிவப்பாகத் தெரியாது. கருஞ்சிவப்பாக, ஊதாவாக, சில நேரம் வெறும் கறுப்பாகத் தெரியும். அதனால் கறுத்த தோலில் ரொசேசியா கண்டுபிடிக்கப்படாமல் போவது அதிகம் என்று தோல் வைத்தியர்களே ஒப்புக்கொள்கிறார்கள். பரு ஆறிய இடத்தில் மாதக்கணக்கில் நிற்கிற கரும்புள்ளியும் எங்க தோலின் இயல்பு. அந்தக் கறுப்பைப் பார்த்து "குடிச்சுக் கறுத்துட்டான்" என்பது வேறொருவர் தோலுக்கு எழுதிய அகராதியை வைத்து எங்க தோலை வாசிப்பது.

வாசிக்கப்படாத இன்னொன்றும் இருக்கிறது. தோலை ஏதாவது ஒன்று தொடர்ந்து அழுத்தி, உரசி, வியர்வையோடு மூடி வைத்தால் அந்த இடத்தில் பரு வரும். 1975இல் மில்ஸ், கிளிக்மன் என்ற இரண்டு அமெரிக்க வைத்தியர்கள் இதற்குத் தனிப் பெயரே வைத்தார்கள். விளையாட்டு வீரர்களின் தலைக்கவச வார் பட்ட இடத்தை இன்று உதாரணமாகக் காட்டுவார்கள். கொழுந்துக் கூடையின் கயிறு நாள் முழுக்கத் தலையில் பதிந்து, மழையில் நனைந்து, றப்பர் சீட்டின் விளிம்பு உரசுகிற ஒரு நெற்றியை அந்த உதாரணங்களில் நாங்கள் இதுவரை பார்க்கவில்லை.

பருவுக்கு மருந்து எடுக்கிறவர்களுக்கு ஒரே ஒரு விஷயம் நேராகச் சொல்ல வேண்டும். கடுமையான பருவுக்குக் கொடுக்கிற ஐசோட்ரெட்டினோயின் மாத்திரை ஈரலையும் இரத்தக் கொழுப்பையும் பாதிக்கக்கூடியது. மதுவும் அதையே செய்யும். இரண்டும் சேரக்கூடாது. கர்ப்பிணிகளுக்கு அந்த மாத்திரை அறவே கூடாது, குழந்தையைக் கடுமையாகப் பாதிக்கும். டொக்ஸிசைக்ளின் எடுக்கிறவர் தொடர்ந்து குடித்தால் மருந்தின் வேலை குறையும். இதையெல்லாம் வைத்தியர் கேட்கும்போது உண்மையைச் சொல்ல வேண்டும். ஆனால் வரிசையில் பின்னால் பக்கத்து லயத்து அக்கா நிற்கும்போது, கதவு திறந்தே கிடக்கிற டிஸ்பென்சரியில், "குடிக்கிறதா?" என்று சத்தமாகக் கேட்டால் எந்தப் பையனும் இல்லையென்றுதான் சொல்வான். கதவைச் சாத்திவிட்டுக் கேளுங்கள்.